வியாழக்கிழமை, ஐந்து முதல் ஏழு வரை

அந்தப் பேப்பரில் வியாழக்கிழமை என்று எழுதியது நான். என் கையெழுத்தில், நீல மையில், இங்கிலீஷில். எங்கள் வீட்டில் இங்கிலீஷில் ஒரு பக்கம் தப்பில்லாமல் எழுதக்கூடியவள் நான் ஒருத்திதான் என்பதால் பேனா என் கைக்கு வந்தது. அப்பா ரெமிஜியஸ் வீடுகளுக்குப் பெயின்ட் அடிப்பவர், ஏழாவதோடு நின்றவர். அம்மா அதுகூட இல்லை. அக்கா குளோரியா பத்தாவது முடித்த கையோடு பெங்களூருக்கு வெளியே ஹெப்பகோடியில் ஒரு மருந்து கம்பெனிக்குப் பேக்கிங் வேலைக்குப் போய்விட்டாள். நான் பி.காம். முடித்தேன். அன்றிலிருந்து ரேஷன் கார்டு, பேங்க், ஆஸ்பத்திரி, போலீஸ் ஸ்டேஷன், கடைசியில் கோர்ட்டு, எல்லாம் என் தலையில். எதுவானாலும் "லீனாவக் கேளு" என்பார் அப்பா.

நடந்தது இதுதான். அக்காவின் மகள் ஆஞ்சலாவுக்கு மூன்று வயதாக இருக்கும்போது அக்காவுக்கு அம்மை போட்டது. குழந்தைக்கு ஒட்டிக்கொள்ளக் கூடாது என்று, எலெக்ட்ரானிக் சிட்டி ஃப்ளாட்டில் புருஷன் டேரிலிடமும் மாமியார் மௌரீனிடமும் குழந்தையை விட்டுவிட்டு, விவேக் நகரில் எங்கள் வீட்டுக்கு வந்து படுத்தாள். தினமும் வீடியோ காலில் குழந்தையைப் பார்த்தாள். பத்தாம் நாளிலிருந்து யாரும் காலை எடுக்கவில்லை. கொப்புளம் காய்ந்து, தலைக்குத் தண்ணீர் ஊற்றி, இருபத்திரண்டாம் நாள் ஃப்ளாட்டுக்குப் போனாள். கேட்டில் செக்யூரிட்டி இன்டர்காமில் பேசிவிட்டு, உள்ளே விட வேண்டாம் என்கிறார்கள் மேடம் என்றான். அவனுக்கே சங்கடமாக இருந்ததாம். ஒரு பிளாஸ்டிக் நாற்காலி கொண்டுவந்து போட்டானாம். அக்கா அதில் சாயங்காலம் வரை உட்கார்ந்திருந்துவிட்டு பஸ் ஏறினாள்.

ஏன் என்று எனக்கு இன்றுவரை முழுசாகத் தெரியாது. டேரில் அதே மருந்து கம்பெனியில் சூப்பர்வைசராக இருந்தவன். கல்யாணத்துக்குப் பிறகு எலெக்ட்ரானிக் சிட்டியில் பெரிய கம்பெனி ஒன்றில் நுழைந்து, ஃப்ளாட், கார் என்று மேலே போனான். பேக்கிங் லைனில் பார்த்துப் பிடித்த பெண் ஒன்பதாவது மாடிக்குப் பொருந்தவில்லை போலிருக்கிறது. விவாகரத்து மனுவில் அப்படி எழுத முடியாது அல்லவா? அதில் வேறு காரணம் இருந்தது. நோயைச் சாக்காக வைத்துக் குழந்தையைக் கைவிட்டுப் போனவள். அந்த வரியை அக்காவுக்குத் தமிழில் சொன்னதும் நான்தான். அவள் அழவில்லை. தன் கையில் இருந்த அம்மைத் தழும்புகளைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள்.

கேஸ் ஒன்றரை வருஷமாக இழுத்துக்கொண்டிருந்தது. குழந்தையைப் பார்க்கவாவது விட வேண்டும் என்று நாங்கள் போட்ட மேல்முறையீட்டில் நீதிபதிகள், கேஸ் முடியும்வரை தாய் குழந்தையைப் பார்ப்பதற்காவது பேசி ஒரு ஏற்பாடு செய்துகொள்ளுங்கள் என்று சமரச மையத்துக்கு அனுப்பினார்கள். சமரசம் பேச வந்த வக்கீலம்மா நல்லவர். தண்ணீர் கொடுத்தார், அக்காவை வாங்க போங்க என்று பேசினார். ஞாயிற்றுக்கிழமை வைத்துக்கொள்ளலாமா, கோர்ட்டிலேயே குழந்தைகளைச் சந்திக்க ஒரு அறை இருக்கிறது, பொம்மையெல்லாம் இருக்கும், அங்கே வைத்துக்கொள்ளலாமா என்று கேட்டார்.

எங்கள் பக்கத்தில் வியாழக்கிழமை என்றால் குழந்தை இயேசு கோயில். ஒன்பது வியாழன் விடாமல் போய் நொவேனா ஜெபித்தால் கேட்டது கிடைக்கும் என்பது பேச்சு. எங்கள் ஆட்கள் மட்டுமில்லை, பொட்டு வைத்தவர்கள், பர்தா போட்டவர்கள், ஓசூரிலிருந்து வேன் பிடித்து வருகிறவர்கள் என்று அன்றைக்குத் தெரு கொள்ளாது. அக்காவின் ஒன்பதாவது வியாழனன்றுதான் சமரச மையத்திலிருந்து போன் வந்திருந்தது. முடிந்தது கதை. அதற்கப்புறம் அவளிடம் ஞாயிறு, பொம்மை அறை என்று யார் பேசி என்ன?

"வியாழக்கெழம மேடம். கோயில்ல வெச்சி. அங்க நின்னு அவரு பொய் சொல்ல மாட்டாரு" என்றாள்.

டேரில் எல்லாவற்றுக்கும் மறுப்பு வைத்திருப்பவன். குழந்தையின் ஸ்கூல் போட்டோ கேட்டபோதுகூட அரை மணி நேரம் வாதாடினான். இதற்கு மட்டும் சட்டென்று தலையை ஆட்டினான். அந்தத் தலையாட்டல் எனக்கு உறைத்திருக்க வேண்டும். நான் பேனாவைத் திறந்துகொண்டிருந்தேன்.

வியாழன்தோறும், மாலை ஐந்து முதல் ஏழு வரை, குழந்தை இயேசு ஆலய வளாகம், விவேக் நகர். தகப்பன் குழந்தையை அழைத்து வர வேண்டும். அவன் போனில் அசிங்கமாகத் திட்டுகிறான் என்பதால், இரண்டு பேரும் ஒருவருக்கொருவர் போன் செய்யக் கூடாது என்று ஒரு வரி சேர்க்கச் சொன்னேன். அதற்கும் ஒத்துக்கொண்டான். வளாகத்தில் எந்த இடம் என்று எழுத எனக்குத் தோன்றவில்லை. அது எங்கள் கோயில். ஞானஸ்நானத்திலிருந்து எல்லாம் அங்கேதான். நம் வீட்டுக்குள் எந்த மூலையில் சந்திப்பது என்று யாராவது எழுதிவைத்துக்கொள்வார்களா? இரண்டு நீதிபதிகள் முன்னால் அதைப் படித்துக் காட்டி, கோர்ட்டின் உத்தரவாகப் பதிவு செய்தார்கள். வெளியே வந்ததும் அப்பா என் தலையில் கை வைத்து, "படிச்சதுக்கு அர்த்தம் இருக்குதுடி" என்றார்.

முதல் மூன்று வியாழன் அவன் வந்தான். மெழுகுவர்த்தி ஏற்றும் இடத்துக்குப் பக்கத்தில், மெழுகுவர்த்தி விற்கிற சரசுவின் தட்டுக்கு அருகே, குழந்தையை விட்டுவிட்டுக் கொஞ்சம் தள்ளி நின்றான். முதல் வாரம் ஆஞ்சலா அவன் காலுக்குப் பின்னால் ஒளிந்துகொண்டாள். இரண்டாம் வாரம் அக்காவின் கைப்பையைத் திறந்து உள்ளே என்னவெல்லாம் இருக்கிறது என்று பார்த்தாள். மூன்றாம் வாரம் அக்கா மடியில் உட்கார்ந்து, அவள் காதில் இருந்த கம்மலைத் திருகிக்கொண்டே, "மம்மா, நம்ம வீட்டுக்கு எப்ப வருவ?" என்று கேட்டாள். சீக்கிரம் வருவேன் என்று அக்கா சொன்னாள். குழந்தை அதை வீட்டில் போய்ச் சொல்லியிருக்கும். வேறென்ன செய்யும்?

நான்காவது வியாழன் அவன் வரவில்லை. ஐந்தாவதும் வரவில்லை. அக்கா ஒவ்வொரு வியாழனும் கம்பெனியில் அரைநாள் பெர்மிஷன் போட்டு, இரண்டு பஸ் மாறி, நாலரைக்கே வந்து சரசு பக்கத்தில் நிற்பாள். ஐந்தே காலுக்குத் தேட ஆரம்பிப்பாள். பழைய கோயில் பக்கம், புதுக் கோயில் பக்கம், செருப்பு விடும் இடம், தண்ணீர்க் குழாய். பிறகு, தேடப் போன நேரத்தில் அவன் வந்து பார்த்துவிட்டுப் போயிருந்தால் என்று பயந்து பழைய இடத்துக்கே ஓடி வருவாள். நீ இங்கேயே நில்லு, நான் என் தட்டோடு சுற்றிப் பார்த்துவிட்டு வருகிறேன் என்று சரசு போய்ப் பார்த்த நாளும் உண்டு. நான் ஒரு தரம் ஆபீஸில் சண்டை போட்டு சீக்கிரம் கிளம்பி வந்தேன். அந்தக் கூட்டத்தில் ஐந்து வயது ஆகாத ஒரு குழந்தையைத் தேடுவது எப்படி என்று தெரியுமா? எல்லார் கையிலும் ஒரு குழந்தை இருந்தது. ஏழரை மணிக்கு அக்காவை இழுத்துக்கொண்டு வீட்டுக்கு வந்தேன். போன் செய்ய முடியாது. செய்தால் உத்தரவை மீறியது நாங்களாகிவிடும்.

இப்படிப் பதினான்கு வியாழன்.

எங்கள் வக்கீல் நாகேஷ் கன்னடக்காரர், சிவாஜி நகரில் வளர்ந்ததால் தமிழும் பேசுவார். கோர்ட் உத்தரவை மதிக்காததற்குக் கன்டெம்ப்ட் போடலாம் என்றார் அவர். "நோடம்மா, இங்க பாரு, இது உங்க அக்காவுக்கும் அவனுக்கும் நடக்கிற சண்ட இல்ல. கோர்ட்டுக்கும் அவனுக்கும் நடக்கிற சண்ட. ஆனா அவன் வேணும்னே மீறினான்னு நாம காட்டணும். வேணும்னே. அது முக்கியம்."

எனக்கு அது பிடித்திருந்தது. முதல் தடவையாக எங்கள் பக்கத்தில் ஒரு பெரிய ஆள் நிற்பதுபோல இருந்தது. ஆறு மாதம் வரை ஜெயில் என்று ஆபீஸ் கேப் வண்டியில் போகும்போது போனில் தேடிப் பார்த்தேன். எலிவேட்டட் ரோடு மேம்பாலம் முழுக்க அவனை ஜெயிலில் வைத்துப் பார்த்துக்கொண்டே போனேன். மருந்து கம்பெனி சூப்பர்வைசர், ஒன்பதாவது மாடி, தட்டும் டம்ளரும். சாயங்காலம் அக்காவிடம் சொன்னபோது அவள், "அவன் உள்ள போய்ட்டா பாப்பாவ யாரு ஸ்கூலுக்கு வுடுவாங்க? அவங்கம்மாவுக்கு முட்டி வலி" என்றாள். எனக்கு அவளை அறைய வேண்டும்போல இருந்தது.

மனு போட்டோம். நோட்டீஸ் போயிற்று. அவன் நேரில் வர வேண்டும் என்று கோர்ட் தேதி கொடுத்தது. விசாரணை புதன்கிழமை. அவனுடைய பதில் எங்களுக்கு திங்கட்கிழமை சாயங்காலம்தான் வந்தது. செவ்வாய்க்கிழமை நாகேஷ் ஆபீஸுக்கு நானும் அக்காவும் போனோம். அவர் ஃபைலை என் பக்கம் தள்ளினார்.

டேரில் எழுதியிருந்தது இது. நான் வரவில்லை என்பது பொய். ஒவ்வொரு வியாழனும் குழந்தையை அழைத்து வந்தேன், மனுதாரரைக் காணவில்லை, கூட்டத்தில் குழந்தைக்கு மூச்சு முட்டியதால் திரும்பினேன், போன் செய்யக் கூடாது என்ற உத்தரவை மதித்ததால் அவரை அழைக்கவில்லை. கீழே ஆதாரம் என்று பதினான்கு போட்டோ. தேதி, நேரம் எல்லாம் பதிந்த கலர் போட்டோ, ஒரு பக்கத்துக்கு ஒன்றாக. கோயில் கோபுரம் தெரிய, கொடிமரம் தெரிய, மெழுகுவர்த்திப் புகை தெரிய, நடுவில் ஆஞ்சலா காமிராவைப் பார்த்துச் சிரித்துக்கொண்டு நின்றாள்.

வந்திருக்கிறான். பதினான்கு வாரமும் வந்திருக்கிறான். எலெக்ட்ரானிக் சிட்டியிலிருந்து அவ்வளவு டிராஃபிக்கில் காரை ஓட்டி வந்து, குழந்தையை இறக்கி, ஒரு போட்டோ எடுத்து, திரும்ப ஏற்றிக்கொண்டு போயிருக்கிறான். அக்கா சொன்னது பலித்துவிட்டது. அந்தக் கோயிலில் நின்று அவன் ஒரு பொய்யும் சொல்லவில்லை.

நான் திட்டினேன். நாகேஷ் ஆபீஸில் கிளார்க் எல்லாம் திரும்பிப் பார்க்கும்படி திட்டினேன். அக்கா ஒன்றும் காதில் வாங்கவில்லை. ஃபைலைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டு போட்டோக்களை ஒவ்வொன்றாகப் பார்த்தாள். இதில் முடி வெட்டிவிட்டிருக்கிறார்கள் என்றாள். இது மூன்றாம் வாரம் நான் வாங்கிக் கொடுத்த செருப்பு, இன்னும் காலுக்குச் சரியாக இருக்கிறது. இதில் இளைத்துவிட்டாள், ஜுரம் வந்திருக்கும். முழங்காலில் பேண்ட்எய்டு, எங்கே விழுந்தாளோ. குழந்தையை நான்கு மாதமாகப் பார்க்காதவளுக்கு எதிராளி ஆல்பம் போட்டுக் கொடுத்திருந்தான்.

ஒன்பதாவது போட்டோவில் அவள் கை நின்றது. நானும் எட்டிப் பார்த்தேன். ஆஞ்சலா இடுப்பில் கை வைத்து நிற்கிறாள். அவளுக்குப் பின்னால், பத்தடி இருக்கும், கூட்டத்தில் ஒரு பெண்ணின் முதுகு. கடுகு நிறச் சுடிதார். தோளில் கறுப்புப் பை, ஜிப் போனதால் ஊக்கு குத்திய பை. அக்காதான். கேட்டைப் பார்த்துக்கொண்டு நிற்கிறாள், அவன் அந்த வழியாகத்தான் வருவான் என்று. குழந்தை இந்தப் பக்கம் பார்த்துச் சிரிக்கிறாள், தாய் அந்தப் பக்கம் பார்த்துத் தேடுகிறாள். இரண்டு பேரின் முதுகும் ஒன்றையொன்று பார்த்தபடி.

அக்கா அந்தப் பத்தடி இடைவெளி மேல் விரலை வைத்தாள். எடுக்கவே இல்லை.

"சார், மாட்டிக்கிட்டான்" என்றேன் நான். "போட்டோ எடுத்தவனுக்குத் தெரியாம இருக்குமா? எதிர்லயே நிக்கிறா. பாத்துட்டே எடுத்திருக்கான்."

நாகேஷ் போட்டோவைக் கையில் வாங்கி, கண்ணாடியைத் தூக்கிவிட்டுக்கொண்டு நீண்ட நேரம் பார்த்தார். "நீ சொல்றது நெஜம்மா. ஆனா அவன் வக்கீல் என்ன கேப்பான் தெரியுமா? மறைக்கிறவனா இருந்தா இந்தப் போட்டோவ அவனே ஏன் கோர்ட்ல குடுப்பான்னு கேப்பான்."

புதன்கிழமை டேரிலின் வக்கீல் அதையேதான் கேட்டான். கோர்ட் ஹாலில் எங்கள் கேஸ் கூப்பிட்டபோது பன்னிரண்டரை. டேரில் இஸ்திரி போட்ட வெள்ளைச் சட்டையில், கைகளைக் கட்டிக்கொண்டு, கோயிலில் முதல் நன்மை வாங்க வரிசையில் நிற்கிற பிள்ளை மாதிரி நின்றான். நாகேஷ் நன்றாகவே பேசினார். ஒருவர் பத்தடி தூரத்தில் இருக்கும்போது பதினான்கு வாரம் சந்திக்காமல் போவது தற்செயலாக இருக்க முடியாது என்றார். இரண்டு நீதிபதிகளில் ஒருவர் ஒன்பதாவது போட்டோவை எடுத்து வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். மனுதாரர் எங்கே என்று கேட்டார். அக்கா எழுந்து நின்றாள். அவளையும் போட்டோவையும் மாற்றி மாற்றிப் பார்த்தார். அவர் முகம் வாடியதை நான் பார்த்தேன். பொய் சொல்ல மாட்டேன், வாடியது.

எதிர்த்தரப்பு வக்கீல், என் கட்சிக்காரர் குழந்தையைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார், கூட்டத்தைப் பார்க்கவில்லை, அன்றைக்கு ஆயிரக்கணக்கான ஜனங்கள், இடம் எது என்று உத்தரவிலேயே இல்லை, போன் செய்யக் கூடாது என்ற நிபந்தனையைக் கேட்டதே மனுதாரர் தரப்பு என்று அடுக்கிக்கொண்டே போனான். ஒவ்வொன்றும் நான் எழுதியது. என் இங்கிலீஷ், என் கமா, என் முற்றுப்புள்ளி.

நான் எழுந்துவிட்டேன். "எடுத்தவனுக்குத் தெரியும் சார்" என்றேன் தமிழில். கோர்ட்டில் அப்படிப் பேசக் கூடாது என்று எனக்குத் தெரியும். நாகேஷ் என் கையைப் பிடித்து உட்கார வைத்தார். நீதிபதி கோபப்படவில்லை. உட்காருங்கள் என்று கையைக் காட்டினார், அவ்வளவுதான்.

தண்டிக்க வேண்டுமென்றால் வேண்டுமென்றே மீறியது சந்தேகமில்லாமல் தெரிய வேண்டும், இங்கே சந்தேகம் இருக்கிறது, அதன் பலன் எதிர்மனுதாரருக்குப் போகிறது என்று சொல்லி மனுவை முடித்துவைத்தார்கள். இனி கோயில் அலுவலக வாசலில், சரியாக ஐந்து மணிக்கு, இரண்டு பேரும் வந்த நேரத்தையும் போன நேரத்தையும் எழுதிக் கையெழுத்துப் போட வேண்டும் என்று சேர்த்தார்கள். டேரில் அப்படியே கீழ்ப்படிவதாகச் சொன்னான். படியிறங்கும்போது நாகேஷ், "நல்லவேள, உன் மேலயே ஒரு கன்டெம்ப்ட் போடாம விட்டாங்க" என்று சொல்லிச் சிரிக்கப் பார்த்தார். எனக்குச் சிரிப்பு வரவில்லை. அக்கா அவரிடம் கேட்டது ஒன்றுதான். அந்தப் பதினான்கு பக்கத்தையும் தன்னிடமே கொடுத்துவிட முடியுமா என்று.

மறுநாள் வியாழன். அக்கா நீலச் சுடிதார் போட்டுக்கொண்டாள். கம்பெனிக்கே போகவில்லை. அப்பா வேலையை விட்டுவிட்டு வந்தார், நான் லீவு போட்டேன். ஐந்து மணிக்கு ஒரு நிமிஷம் இருக்கும்போது டேரில் ஆஞ்சலாவைக் கையில் பிடித்துக்கொண்டு அலுவலக வாசலுக்கு வந்தான். இன்னொரு கையில் ரைட்டிங் பேடு. அதில் கட்டம் போட்ட பேப்பர், தேதி, வந்த நேரம், போன நேரம், கையெழுத்து. பேனாகூட கட்டிவைத்திருந்தான்.

அக்கா முட்டி போட்டு உட்கார்ந்து கையை நீட்டினாள். ஆஞ்சலா அவளிடம் போகவில்லை. இரண்டடி முன்னால் வந்து, சுற்றும் முற்றும் பார்த்து, கோபுரம் பின்னால் வருகிற மாதிரி ஒரு இடம் பார்த்து நின்றாள். முடியைக் காதுக்குப் பின்னால் தள்ளிக்கொண்டாள். இடுப்பில் கை வைத்துச் சிரித்தாள். அந்தச் சிரிப்பை நான் பதினான்கு பக்கத்தில் பார்த்திருக்கிறேன். யாரும் போனை எடுக்கவில்லை. சிரிப்பு கொஞ்சம் கொஞ்சமாக இறங்கியது. டேரிலைத் திரும்பிப் பார்த்து, "போட்டோ எடுத்தாச்சா? போலாமா?" என்றாள்.

அவளுக்கு வியாழக்கிழமை கோயில் என்றால் அதுதான். வருவது, நிற்பது, சிரிப்பது, போவது. வேறு யாரோ அங்கே காத்துக்கொண்டிருப்பார்கள் என்று அவளுக்கு யாரும் சொல்லவில்லை.

அக்கா தன் போனை எடுத்தாள். ஒரு போட்டோ எடுத்தாள். "சூப்பரா இருக்குது பாப்பா. வா, பாக்கலாம்" என்றாள். ஆஞ்சலா வந்து எட்டிப் பார்த்தாள். அந்த இரண்டு நிமிஷம் அக்காவின் தோளில் சாய்ந்த மாதிரி நின்றாள். பிறகு மறுபடியும் போலாமா என்றாள். அக்கா பிஸ்கட் கொடுத்தாள், வேண்டாம் என்றாள். கம்மலைக் காட்டினாள், பார்க்கவில்லை. தாத்தா தூக்கப் போனார், அழ ஆரம்பித்தாள். முதலில் முனகல், பிறகு கத்தல். நொவேனாவுக்கு வந்தவர்கள் நின்று பார்த்தார்கள். ஒரு அம்மா எங்களைப் பிள்ளை பிடிக்கிறவர்கள்போலப் பார்த்தாள். மம்மா என்று ஒரு தரம்கூட அவள் கூப்பிடவில்லை. எந்தப் பெயரும் சொல்லிக் கூப்பிடவில்லை.

ஐந்தரை தாண்டியது. டேரில் ஓரமாகக் கைகட்டி நின்றான். "ஏழு வரைக்கும் வெச்சிக்கோங்க. நான் ஒண்ணும் சொல்லல. ஆர்டர் எனக்கும் தெரியும்" என்றான். அவ்வளவு மரியாதையாகச் சொன்னான்.

அக்கா குழந்தையைத் தூக்கி அவன் கையில் கொடுத்தாள்.

"அக்கா, இன்னும் ஒன்றர மணி நேரம் இருக்குது. நம்ம டைம்" என்றேன்.

"அழுவுதுடி" என்றாள் அக்கா. "ஏழு வரைக்கும் அழ வெச்சா, அடுத்த வாரம் கோயில்னாலே அழும்."

டேரில் பேடை நீட்டினான். வந்த நேரம் ஐந்து. போன நேரம் ஐந்து முப்பத்திரண்டு. தாய் தானாகத் திருப்பிக் கொடுத்தார் என்று ஒரு வரி எழுதச் சொன்னான். போடாதே, போடாதே என்று நான் கத்தினேன். அந்தப் பேப்பர் நாளைக்கு எங்கே போகும் என்று எனக்குத் தெரியும். அக்காவுக்கும் தெரியும். குழந்தை அவன் தோளில் விக்கிக்கொண்டிருந்ததைப் பார்த்துக்கொண்டே கையெழுத்துப் போட்டாள்.

வெள்ளிக்கிழமை மத்தியானம் நாகேஷ் அதை எனக்கு வாட்ஸ்அப்பில் அனுப்பினார். டேரிலின் வக்கீல் அதை மெமோவாகத் தாக்கல் செய்திருந்தான். பின்னால் குழந்தை யாரிடம் இருக்க வேண்டும் என்ற கேஸில் இது வரும், தாயே வேண்டாம் என்று திருப்பிக் கொடுத்தாள் என்று காட்டுவார்கள், ஜாக்கிரதை என்று எழுதியிருந்தார். நான் அக்காவுக்குப் படித்துக் காட்டினேன். சரி என்றாள். கோர்ட்டில் மனு போட்டுக் கிழமையை மாற்றலாம், பொம்மை அறை கேட்கலாம் என்றேன். கேளு என்றாள். மனு போட்டிருக்கிறோம். தேதி ஜனவரியில்.

இப்போது அவன் ஒரு வியாழன்கூடத் தவறுவதில்லை. ஐந்துக்கு ஒரு நிமிஷம் முன்னாலேயே வந்துவிடுகிறான். உத்தரவில் இருக்கிற ஒவ்வொரு எழுத்துக்கும் கீழ்ப்படிகிறான். என்னிடம் தாக்கல் செய்ய ஒன்றும் இல்லை. முப்பத்திரண்டு நிமிஷம், இருபத்தெட்டு, முப்பது, மறுபடி இருபத்தெட்டு. ஆஞ்சலா போலாமா என்று கேட்டதும் அக்கா கொடுத்துவிடுகிறாள், கையெழுத்துப் போடுகிறாள். வாராவாரம் நான் ஆபீஸில் உட்கார்ந்து அந்த நம்பருக்காகக் காத்திருக்கிறேன்.

போன வியாழன் நாற்பத்தொன்று என்று மெசேஜ் வந்தது. நம்பவில்லை. இந்த வாரம் பெர்மிஷன் போட்டுவிட்டு நேரில் போய்ப் பார்த்தேன். அக்கா என்னைக் கவனிக்கவில்லை. கேட்டுக்கு வெளியே வேகவைத்த சோளம் விற்கிற வண்டி முன்னால் நின்று, பாத்திரத்தின் அடியிலிருந்து, கொதிக்கிற தண்ணீரிலிருந்து எடுத்துக் கொடுங்கள் என்று அந்த ஆளிடம் கெஞ்சிக்கொண்டிருந்தாள். மேலே இருக்கிறதே சூடுதான் அம்மா என்றான் அவன். இல்லை, அடியிலிருந்து என்றாள்.

ஐந்து மணிக்கு ஆஞ்சலா வந்தாள், நின்றாள், சிரித்தாள், அக்கா போட்டோ எடுத்தாள். பிறகு சோளத்தை, தோலோடு சேர்த்துப் பிடித்து, அவள் கையில் கொடுத்தாள். ஆவி பறந்தது. கடிக்க முடியவில்லை. குழந்தை படியில் உட்கார்ந்து ஊதியது, ஒரு முத்தைப் பிய்த்தது, விரலை உதறியது, மறுபடி ஊதியது. டேரில் மணிக்கட்டைத் திருப்பிப் பார்த்தான். ஐந்து இருபது. ஆஞ்சலா சோளத்தை அக்கா பக்கம் நீட்டினாள்.

"ஊதிக் குடு" என்றாள்.

அக்கா பக்கத்தில் உட்கார்ந்து ஊதினாள். மெதுவாக, ஆறிவிடாதபடி.